மதகு எண் ஒற்றையா, இரட்டையா?

ஈரோட்டுப் பக்கம் ஆடி மாதம் பிறந்துவிட்டால் டீக்கடைப் பேச்சு முழுக்க அடிக்கணக்குதான். "தொண்ணூத்தாறு ஆயிருச்சுங்க." "மாயாத்துல தண்ணி நல்லா வருதாமா?" எந்த அணை, எந்த ஊர் என்று யாரும் விளக்குவதில்லை. பவானிசாகரைத்தான் சொல்கிறார்கள் என்று கேட்பவருக்குத் தெரியும். செய்தித்தாளில் நீர்மட்டம், நீர்வரத்து, வெளியேற்றம் என்று மூன்று வரி வரும். அந்த மூன்று வரியைப் படித்துவிட்டுத்தான் எங்கள் அப்பாரு மற்ற பக்கங்களைப் புரட்டுவார்.

அந்த எண்களைப் பார்த்துப் பார்த்து வளர்ந்தவன் நான். பவானிசாகரிலிருந்து வருகிற கீழ்பவானி வாய்க்காலில் கடைமடைப் பக்கம், அதாவது வாய்க்கால் முடிகிற பக்கம், எங்கள் நிலம். அணை நிரம்பினால் வயல் நிரம்பிவிடும் என்றுதான் வெளியூரில் பலரும் நினைக்கிறார்கள். அணையில் தண்ணீர் இருப்பதற்கும் நம் மடைக்குத் தண்ணீர் வருவதற்கும் நடுவே 200 கிலோமீட்டர் வாய்க்காலும், ஓர் அரசாணையும், யாருக்கு எந்த வருடம் தண்ணீர் என்று வகுத்த முறையும், அந்த முறையைக் காக்கிற சில மனிதர்களும் இருக்கிறார்கள். நம் பக்கத்து நீர் நிர்வாகத்தில் உயிர்நாடி இந்த முறைதான் என்பது என் உறுதியான எண்ணம். அதைப் பற்றித்தான் எழுதப்போகிறேன்.

முதலில் அணையைச் சொல்லிவிடுகிறேன். பவானியும் மாயாறும் கூடுகிற இடத்தில், நாடு விடுதலை பெற்ற மறு ஆண்டான 1948இல் வேலை தொடங்கி, 1950களின் நடுவில் முடித்தார்கள். விடுதலைப் போராட்ட வீரர் எம்.ஏ. ஈஸ்வரன் இந்த அணைக்காக விடாமல் வாதாடியதை எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் இன்றும் நன்றியோடு சொல்வார்கள். கிட்டத்தட்ட 9 கிலோமீட்டர் நீளத்துக்கு மண்கரை. நீர்த்தேக்க உயரம் 105 அடி, கொள்ளளவு 32.8 டி.எம்.சி. டணாயக்கன் கோட்டையும் அங்கிருந்த மாதவராயப் பெருமாள் கோயிலும் நீருக்குள் போயின. அணை நன்றாக வற்றுகிற வருடங்களில் கோயில் வெளியே தெரியும். அதைப் பார்க்கக் கூட்டம் போகும். கோயில் தெரிகிறது என்றால் எங்களுக்கு அந்த வருடம் வாய்க்கால் கிடையாது என்று பொருள். அதனால் எங்கள் வீட்டிலிருந்து யாரும் போனதில்லை.

நீலகிரியில் தென்மேற்குப் பருவமழை பிடித்தால் அணைக்கு வரத்து ஏறும். ஆனால் அது நேராக வருகிற மழைத்தண்ணீர் மட்டும் கிடையாது. மேலே அப்பர் பவானி, அவலாஞ்சி, எமரால்டு என்று குந்தா மின்திட்டத்தின் அணைகள் இருக்கின்றன. அப்புறம் பில்லூர். மின்வாரியம் எப்போது டர்பைனை ஓட்டுகிறதோ அப்போது பவானியில் தண்ணீர் கூடும். கோவைக்குக் குடிநீரும் பில்லூரிலிருந்துதான் போகிறது. ஆக, பாசனத்துக்கென்று கட்டிய அணையின் வரத்து பாசனத்துறையின் கையில் முழுமையாக இல்லை. தேக்குவதிலும் ஒரு விதி உண்டு. வெள்ளப் பாதுகாப்புக்காக அக்டோபர் வரை 102 அடியோடு நிறுத்தி, அதற்கு மேல் வருவதை ஆற்றில் விட்டுவிடுவார்கள். நவம்பரில்தான் 105 வரை தேக்குவார்கள். "மூணடி தண்ணிய வீணா உடறாங்களே" என்று ஒவ்வொரு வருடமும் யாராவது கோபப்படுவார்கள். மண் அணையின் மேல் திடீர் வெள்ளம் வந்து நின்றால் கீழே சத்தி, கோபி, பவானி என்று எத்தனை ஊர்கள் இருக்கின்றன என்று யோசித்தால் அந்தக் கோபம் அடங்கிவிடும். இந்த விதியில் துறையின் பக்கம்தான் நான்.

இப்போது கணக்குக்கு வருவோம். கீழ்பவானி வாய்க்காலின் முழு ஓட்டம் நொடிக்கு 2,300 கனஅடி. ஒரு நாளைக்கு 86,400 நொடி. பெருக்கிப் பார்த்தால் நாளொன்றுக்கு ஏறக்குறைய 20 கோடி கனஅடி. நூறு கோடி கனஅடிதான் ஒரு டி.எம்.சி. என்பதால், வாய்க்கால் முழுசாக ஓடினால் ஐந்து நாளைக்கு ஒரு டி.எம்.சி. காலி. முதல்போகத்துக்கு ஆகஸ்ட் 15 முதல் 120 நாள் திறப்பார்கள். அரசாணையில் "23,846.40 மில்லியன் கனஅடிக்கு மிகாமல்" என்று வருமே, அந்த விநோதமான எண் இந்தப் பெருக்கலில் வருவதுதான். சுருக்கமாக 24 டி.எம்.சி. இரண்டாம் போகத்துக்கு 12 டி.எம்.சி. ஆக மொத்தம் 36. அணையோ 32.8தான் பிடிக்கும்.

இதில் இன்னும் பழைய பாசனம் சேரவில்லை. கொடிவேரி அணைக்கட்டிலிருந்து பிரியும் தடப்பள்ளி, அரக்கன்கோட்டை வாய்க்கால்களில் 24,504 ஏக்கர். காளிங்கராயன் வாய்க்காலில் 15,743 ஏக்கர். இவர்களுக்கு அணையிலிருந்து ஆற்றில் விட்டாக வேண்டும். பவானிசாகர் வருவதற்கு எத்தனையோ நூற்றாண்டு முன்பிருந்தே ஆற்றுத் தண்ணீரில் பயிர் செய்தவர்கள் அவர்கள். 13ஆம் நூற்றாண்டில் காளிங்கராயன் பவானி ஆற்றை, அது காவிரியில் கலப்பதற்குச் சற்று முன்னால் மறித்து, மேடு பள்ளம் பார்த்து வளைத்து வளைத்து நொய்யல் வரைக்கும் வாய்க்கால் வெட்டினார். அந்த வாய்க்கால் இன்றும் ஓடுகிறது. தை 5ஆம் நாள் அவருக்கு விழா எடுக்கிறோம். அப்படிப்பட்ட உரிமையைப் புதிதாக வந்த அணை பறித்துவிடக் கூடாது என்று எழுதி வைத்தது சரியான முடிவு. கீழ்பவானிக்காரனான எனக்கு அதில் மாற்றுக் கருத்து கிடையாது. வறட்சி வருடத்தில் கோபிப் பக்கம் பச்சையாகவும் எங்கள் பக்கம் காய்ந்தும் கிடக்கும்போது மனசு கனக்கத்தான் செய்கிறது. ஆனாலும் முந்தியவர் உரிமை முந்தியவர் உரிமைதான்.

இத்தனைக்கும் அந்த 36 டி.எம்.சி. என்பது பாதி நிலத்துக்கு நெல், மறு பாதிக்குப் புன்செய் என்று பிரித்த பிறகு வருகிற கணக்கு. எல்லா நிலத்துக்கும் ஒரே வருடம் நெல்லுக்குக் கொடுக்க வழியில்லை என்றால், எந்தப் பாதிக்கு எந்த வருடம் என்று எப்படிப் பிரிப்பது? இங்கேதான் நான் மிகவும் மதிக்கிற ஏற்பாடு வருகிறது. கீழ்பவானியின் மொத்த ஆயக்கட்டு, அதாவது பாசனம் பெறுகிற நிலம், 2,07,000 ஏக்கர். ஈரோடு, திருப்பூர், கரூர் என்று மூன்று மாவட்டம். இதைத் தலைமடை ஒரு பாதி, கடைமடை ஒரு பாதி என்று குறுக்கே வெட்டியிருந்தால் வாய்க்கால் ஓரத்தில் ரத்த ஆறுதான் ஓடியிருக்கும். அப்படிச் செய்யவில்லை. மதகுகளுக்கு வரிசையாக எண் போட்டார்கள். ஒற்றைப்படை எண் மதகுகள் ஒரு பாதி, இரட்டைப்படை எண் மதகுகள் இன்னொரு பாதி. ஒவ்வொரு பாதிக்கும் 1,03,500 ஏக்கர். ஒரு வருடம் ஒற்றைப்படைக்கு முதல்போக நன்செய், இரட்டைப்படைக்கு இரண்டாம் போகப் புன்செய். அடுத்த வருடம் அப்படியே மாறும். வாய்க்காலின் கடைசிப் பக்கம் பிரிகிற சென்னசமுத்திரம் பகிர்மான வாய்க்காலில் மட்டும் இது தலைகீழ். பிரதான வாய்க்காலில் இரட்டைப்படைக்குத் திறக்கிற வருடம் அங்கே ஒற்றைப்படைக்குத் திறப்பார்கள்.

இதன் விளைவைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். தலைமடையில் சத்தியமங்கலம் பக்கம் இருப்பவரும் கரூர் மாவட்டத்தில் இருப்பவரும் ஒரே எண் வகையில் வந்தால் இருவருக்கும் ஒரே வருடம் நெல். என் நிலத்துக்கும் அடுத்த மதகுக்காரர் நிலத்துக்கும் நடுவே நூறு, இருநூறு அடிதான் இருக்கும். எனக்கு நெல் வருடம் என்றால் அவருக்குக் கடலை, எள் வருடம். அவர் நடவுக்கு நாங்கள் ஆளாகப் போவோம், எங்கள் நடவுக்கு அவர் வீட்டார் வருவார்கள். வைக்கோல் கைமாறும். நிலம் விலை பேசும்போது பட்டா, கிணறு பார்ப்பதற்கு முன்னால், "மதகு எத்தனாம் நம்பருங்க?" என்று கேட்கிறவர்களை நான் பார்த்திருக்கிறேன். எண்ணை வைத்துப் பிரித்ததால் சாதி, செல்வாக்கு, கட்சி எதுவும் அந்த வரிசைக்குள் நுழைய முடியவில்லை. வல்லான் வகுத்ததே வாய்க்கால் என்று பழமொழி சொல்கிற ஊரில், வல்லானுக்கும் எளியவனுக்கும் ஒரே வருடம் தண்ணீர் என்று ஒரு பொதுத்துறை எழுதி வைத்து, அது பல பத்தாண்டாக நடக்கிறது. இதைப் பெருமையாகச் சொல்ல நாம் ஏன் கூச்சப்பட வேண்டும்?

ஆனால் காகிதத்தில் சமமாக இருப்பது மண்ணில் சமமாக இருக்க வேண்டுமானால் ஒருவர் கரையில் நடந்தாக வேண்டும்.

எங்கள் மதகை லஸ்கர், அதாவது மதகுகளைத் திறந்து மூடுகிற பாசன ஊழியர், திறக்க வருவதை நான் சின்ன வயதில் பலமுறை பார்த்திருக்கிறேன். கரையில் சைக்கிளைச் சாய்த்துவிட்டு முதலில் கேஜ் பலகையைப் பார்ப்பார். வெள்ளையில் கறுப்புக் கோடு போட்ட அளவுப் பலகை அது. தண்ணீர் அலையடிப்பதால் கோடு ஏறி இறங்கும். அவசரப்படாமல் குத்துக்கால் வைத்து உட்கார்ந்து, அலை அடங்கும்வரை பார்த்துத்தான் நோட்டில் எழுதுவார். அப்புறம் இடுப்பில் இருந்து சாவி எடுத்துப் பூட்டைத் திறந்து, ஷட்டரின் திருகுக்கம்பியைச் சுற்றுவார். மரை முழுக்கக் கருப்பாகக் கிரீஸ் இருக்கும். எத்தனை மரை மேலே ஏற வேண்டும் என்று அவருக்குக் கணக்கு. திறந்ததும் மதகுக்கு இந்தப் பக்கம் வந்து, வாய்க்காலில் விழுகிற தண்ணீரைச் சற்று நேரம் பார்ப்பார். அப்பாரு நைச்சியமாகக் கேட்பார்: "ஏனுங், இன்னும் ரெண்டு சுத்து சுத்தலாமுங்களே?" அவர் சிரித்துக்கொண்டே, "கடைசி மதகுக்காரரும் உங்களாட்டத்தானுங்கய்யா கேப்பாரு" என்று சொல்லிவிட்டுப் பூட்டைப் போட்டுவிடுவார். அந்தப் பதிலில் அப்பாரு ஒருநாளும் கோபப்பட்டதில்லை. கேஜ் இறங்கியிருக்கிற நாளில் அவரே மேலே சைக்கிளை மிதிப்பார். எங்கேயோ ஷட்டருக்கு அடியில் கல்லைச் செருகியிருப்பார்கள், இல்லையென்றால் சாக்கில் மண் கட்டி வாய்க்காலுக்குள் போட்டு மட்டத்தை ஏற்றியிருப்பார்கள். எடுத்துவிட்டு வருவார். யார் செய்தது என்று ஊரில் சொல்லமாட்டார்.

பவானிசாகரிலிருந்து கடைமடை வரைக்கும் தண்ணீர் முறையாக வந்தது இப்படிப்பட்டவர்களின் கால்களால்தான். இன்று அவர்களில் பலர் ஓய்வு பெற்றுவிட்டார்கள். அந்த இடங்களுக்கு அதே அளவுக்கு ஆள் வரவில்லை. ஒருவர் பார்த்த நீளத்தை இப்போது ஒருவர் பல மடங்காகப் பார்க்க வேண்டியிருக்கிறது. கரையில் ஆள் இல்லாத இடத்தில் குழாய் இறங்கும், மோட்டார் ஏறும். இரவில் ஓடுகிற மோட்டாரின் சத்தம் எல்லோருக்கும் கேட்கும். ஆனால் பக்கத்துத் தோட்டத்துக்காரர் மேல் யார் புகார் எழுதப் போவார்கள்? அரசு ஊழியர் ஒருவர் வந்து நிற்பதில் இருக்கிற நன்மையே இதுதான். அவர் யாருக்கும் பங்காளி கிடையாது.

ஏக்கர் கணக்கில் பார்த்தால் இந்த விஷயம் இன்னும் நன்றாக விளங்கும். முதல்போகத்தின் 24 டி.எம்.சி.யை 1,03,500 ஏக்கரில் பரப்பினால் ஐந்தடிக்கு மேல் ஆழம் நிற்கும். நெல்லுக்கு அது தாராளம். இது அணை மதகில் எடுத்த கணக்கு. வழியில் மண்ணுக்குள் இறங்குவது, வெயிலில் போவது, குழாயில் போவது எல்லாம் கழித்து, கடைமடை வயலுக்குள் எவ்வளவு வருகிறது என்று அளந்து சொல்கிற பலகை எங்கள் பக்கத்தில் இல்லை. அணையில் ஓர் அங்குலம் ஏறினால் மாநிலத்துக்கே தெரிகிறது. ஒரு கிளை வாய்க்காலில் ஓரடி இறங்கினால் அந்த ஊருக்கு மட்டும்தான் தெரிகிறது.

பொள்ளாச்சி, உடுமலைப் பக்கம் இதே சிக்கல் வேறு வடிவத்தில் இருக்கிறது. பரம்பிக்குளம்–ஆழியாறு திட்டத்தில், மேற்கே ஓடி அரபிக்கடலில் கலக்கிற ஆறுகளை மலைக்குள் குகை வெட்டிக் கிழக்கே திருப்பினார்கள். பொறியியலில் அதற்கு ஈடான திட்டம் நம் நாட்டில் குறைவு. கேரளத்தோடு 1970இல் கையெழுத்தான ஒப்பந்தம் 1958 நவம்பர் முதலே அமலானதாகக் கணக்கு. ஆயக்கட்டு 3.77 லட்சம் ஏக்கர். நான்கு மண்டலமாகப் பிரித்து, ஒரு மண்டலத்துக்கு இரண்டு வருடத்துக்கு ஒருமுறைதான் தண்ணீர். அதுவும் சுற்று சுற்றாக வரும். பாசனத்துக்குத் திறக்கிற திருமூர்த்தி அணை இரண்டு டி.எம்.சி.கூடப் பிடிக்காது. பெரிய சேமிப்பு எல்லாம் 17.82 டி.எம்.சி. கொள்ளும் பரம்பிக்குளத்தில். அங்கிருந்து தூணக்கடவு, சர்க்கார்பதி வழியாக வந்து, மலையடிவாரத்துக் காண்டூர் கால்வாயில் 49 கிலோமீட்டர் ஓடித் திருமூர்த்தியை நிரப்ப வேண்டும். நிரப்பி, திறந்து, மறுபடி நிரப்பி, மறுபடி திறந்து என்று நடப்பதால்தான் சுற்றுக் கணக்கு. காண்டூர் கால்வாயில் ஓரிடம் சரிந்தால் காங்கயம், வெள்ளக்கோவில் வரைக்கும் பயிர் வாடும். 2022 செப்டம்பரில் பரம்பிக்குளத்தின் மூன்று மதகுகளில் ஒன்று இரவோடு இரவாக உடைந்து சுமார் 6 டி.எம்.சி. வீணாகப் போனபோது, பல்லடத்திலும் உடுமலையிலும் அன்றைக்கு வீடுகளில் சாவு விழுந்த மாதிரி இருந்தது. ஒரு மண்டலத்தின் பல சுற்றுத் தண்ணீர் அது.

அங்கே முறையைக் குலைத்த இன்னொன்று தென்னை. இரண்டு வருடத்துக்கு ஒருமுறை தண்ணீர் என்பது சோளம், கடலை போடுகிறவனுக்கு வகுத்த முறை. தென்னை வருடம் முழுக்கக் குடிக்கும். கூலி ஆள் கிடைக்கவில்லை, வேறு பயிருக்கு விலை இல்லை என்று விவசாயி தென்னைக்கு மாறியதில் நான் குற்றம் காணமாட்டேன். ஆனால் முறை பழைய பயிருக்கும் நிலம் புதிய பயிருக்கும் இருந்தால், நடுவில் இருக்கிற இடைவெளியைக் கால்வாய் ஓரத்துக் கிணறும் திருட்டுக் குழாயும் நிரப்பும். அந்த நஷ்டம் வெள்ளக்கோவில் கடைமடைக்காரர் தலையில் விழுகிறது. அவர்கள் சாலைக்கு வந்து போராடுவது அதற்குத்தான்.

எங்கள் வாய்க்காலுக்கு வருகிறேன். 2020இல் 709 கோடி ரூபாயில் கீழ்பவானியைச் சீரமைக்க அரசாணை வந்தது. கான்கிரீட் போடுவதா வேண்டாமா என்று அன்று தொடங்கிய சண்டை ஊருக்குள் அண்ணன் தம்பியையே பிரித்தது. கசிவு நின்றால் தண்ணீர் கடைக்கு வரும் என்பது கடைமடைக்காரர் வாதம். எழுபது வருடமாகக் கசிந்த தண்ணீரில்தான் எங்கள் கிணறும் குட்டையும் குடிநீரும் இருக்கின்றன, மண்ணை மூடினால் ஊரே வற்றும் என்பது மற்றவர் வாதம். நான் கடைமடைக்காரன். எனக்கு வர வேண்டிய தண்ணீர் எனக்கு வர வேண்டும் என்பதில் எந்த விட்டுக்கொடுத்தலும் இல்லை. ஆனாலும் வாய்க்கால் முழுக்கக் கான்கிரீட் போடுவதை என்னால் ஆதரிக்க முடியவில்லை. வாய்க்காலுக்குக் கீழ்ப்புறம் ஊர் ஊராகக் கசிவுநீரை நம்பிய தோட்டங்கள் இருக்கின்றன. பள்ளங்களில் இறங்கி ஓடைகளில் சேர்கிற அந்தத் தண்ணீர் கீழே இன்னொருவர் வயலுக்குப் போகிறது. அது வீணான தண்ணீர் கிடையாது. கரை பலவீனமான இடத்தில் தடுப்புச்சுவர், இடிந்த மதகுகள், பழுதான ஷட்டர்கள், பாலங்கள், இவற்றைச் செய்யுங்கள், மறுக்கிறவர் யாரும் இல்லை. கரை உடைந்து பாதிப் போகத்தில் வாய்க்கால் நின்றால் என்ன ஆகும் என்று எங்களுக்குத் தெரியும். பால் பிடிக்கிற நேரத்தில் பத்து நாள் தண்ணீர் இல்லாத நெல் பதராகத்தான் போகும். எனக்குத் தண்ணீர் குறைவதற்கு மண் காரணமா, குழாய் காரணமா என்று அளந்து காட்டாமலே மண்ணின் மேல் பழி போடுகிறார்கள் என்பதுதான் என் குறை.

அத்திக்கடவு–அவிநாசித் திட்டமும் 2024 ஆகஸ்டில் ஓடத் தொடங்கிவிட்டது. காளிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே உபரியாகப் போகும் 1.5 டி.எம்.சி.யை மோட்டார் வைத்து மேலேற்றி 1,045 குளம் குட்டைகளுக்குக் கொடுக்கிறார்கள். அரை நூற்றாண்டுக்கு மேல் கேட்ட அன்னூர், அவிநாசி, பெருந்துறை மக்களுக்குக் கிடைத்தது முழு நியாயம். உபரி என்ற சொல்லுக்குக் கட்டுப்பட்டு நடக்கும்வரை எங்களுக்கும் அதில் வருத்தம் இல்லை. உபரியா இல்லையா என்று தீர்மானிப்பதும் மறுபடி அளவுப் பலகையில்தான் வந்து நிற்கிறது.

தமிழ்நாட்டில் 2000ஆம் ஆண்டிலேயே பாசன அமைப்புகளை விவசாயிகளே மேலாண்மை செய்யச் சட்டம் வந்துவிட்டது. பாசன சபைக்குத் தேர்தல் நடக்கிறது, தலைவர்கள் வருகிறார்கள். நீர்வளத்துறையும் 2021இல் பொதுப்பணித்துறையிலிருந்து பிரிந்து தனித்துறையாகிவிட்டது. ஆட்சியர் அலுவலகக் கூட்டங்களில் நாம் எழுந்து கேட்பது எல்லாம் திறப்புத் தேதிதான். தேதி முக்கியம், மறுக்கவில்லை. ஆகஸ்ட் 15 என்று முன்கூட்டியே உறுதியாகச் சொன்னால் ஆடி கடைசியில் நாற்று விட ஏற்பாடு செய்யலாம், விதைநெல் வாங்கலாம். கடைசி வாரத்தில் சொன்னால் நாற்று வயது தள்ளிப்போய், நடவு தள்ளிப்போய், கதிர் வரும்போது ஐப்பசி, கார்த்திகை மழையில் சாய்ந்துவிடும். ஆனால் தேதியோடு இன்னும் இரண்டைக் கேட்க வேண்டும். ஒவ்வொரு பகிர்மான வாய்க்காலின் தலையிலும் கடைசி மதகிலும் கேஜ் பலகை வைத்து, தினமும் எடுக்கிற அளவை அணை நீர்மட்டத்தைப் போலவே வெளியிட வேண்டும். காலியாக இருக்கிற லஸ்கர் இடங்களை வாய்க்கால் ஓரத்து ஊர்ப் பிள்ளைகளை வைத்தே, ஒருவர் நடந்து பார்க்கக்கூடிய தூரத்துக்கு ஒருவர் என்று நிரப்ப வேண்டும். 709 கோடி செலவிட யோசிக்கிற இடத்தில் இதற்கு ஆகும் செலவு பெரிதில்லை. அடுத்த பாசன சபைக் கூட்டத்தில் எங்கள் மதகுக்காரர்கள் கையெழுத்துப் போட்டு இந்த இரண்டையும் மனுவாகக் கொடுக்கிறோம். வாய்க்கால் ஓரத்தில் நிலம் இருக்கிறவர்கள், ஒற்றைப்படையோ இரட்டைப்படையோ, உங்கள் கூட்டத்திலும் கொடுங்கள்.